எச்சிலைக் கண்ணீராக்கிய கத்தரி

1922-இல் மாஸ்கோ அரசுக்கு ஒரு தர்மசங்கடம். புரட்சி முடிந்துவிட்டது, உள்நாட்டுச் சண்டையும் ஏறக்குறைய ஓய்ந்துவிட்டது. கொட்டகையில் ஓட்டத்தான் படமில்லை. சொந்தமாக எடுக்கலாமென்றால் பிலிம் கிடைக்காது. வெளிநாட்டிலிருந்து வரவழைத்தால் எல்லாம் முதலாளித்துவக் குப்பை: சீமான், சீமாட்டி, சூதாட்டம், முத்தம். ஜனங்களோ அந்தக் குப்பையைத்தான் காசு கொடுத்துப் பார்க்கிறார்கள். ஆடு பகை, குட்டி உறவு. கடைசியில் ஒரு வழி பிறந்தது: குப்பையை வாங்குவோம், கழுவிக் காட்டுவோம்.

கழுவ வந்தவர்களில் ஒருவர் எஸ்ஃபிர் ஷுப். இலக்கியம் படித்தவர், மெயர்ஹோல்டின் நாடக வட்டாரத்தில் இருந்தவர். கோஸ்கினோ என்ற அரசு சினிமா அலுவலகத்தில் அவருக்குக் கொடுத்த ஆயுதங்கள் ஒரு கத்தரி, கொஞ்சம் பசை. அதை வைத்துக்கொண்டு சில வருஷங்களில் 200 வெளிநாட்டுப் படங்கள்வரை சுத்திகரித்தார்.

பேசாப் படத்தில் இதற்கு ஒரு சௌகரியம் உண்டு. பாத்திரம் வாயைத்தான் அசைக்கும். என்ன பேசிற்று என்பதை எழுத்து அட்டைதான் சொல்லும். அட்டையை எழுதுவது யார்? கத்தரி வைத்திருப்பவர்.

அந்தக் கூட்டத்தில் வெனியமின் பாய்ட்லர் என்று ஒரு கில்லாடி இருந்தார். பிரெஞ்சுப் புரட்சியைப் பற்றிய 'டான்டன்' என்ற ஜெர்மன் படம் அவர் கையில் சிக்கியது. அதில் டான்டன் ஆத்திரத்தில் ரொபஸ்பியரின் முகத்தில் காறித் துப்புவான். ரொபஸ்பியர் கைக்குட்டையால் துடைத்துக்கொள்வான். புரட்சித் தலைவர் மூஞ்சியில் எச்சிலா? பாய்ட்லர் இரண்டே இரண்டு சின்ன வெட்டுகள் போட்டார். துப்பல் போயிற்று, துடைப்பு மிஞ்சிற்று. சுதந்திரத்துக்காக நண்பனைப் பலி கொடுக்க நேர்ந்ததே என்ற தோரணையில் ஓர் அட்டையும் செருகியாயிற்று. மாஸ்கோ கொட்டகையில் ரொபஸ்பியர் கண்ணீரைத் துடைத்தான். சுத்த மோசடிதான், ஆனாலும் கை தட்டாமல் இருக்க முடியவில்லை. இந்தக் கதையைச் சப்புக்கொட்டி எழுதி வைத்தவர் சினிமா இயக்குநர் ஐசன்ஸ்டைன்.

அவருக்குத் தெரியாமல் இருக்குமா? 1924-இல் அவரே ஷுப்பின் மேசையருகில் நின்று தொழில் பழகியவர். ஃபிரிட்ஸ் லாங்கின் 'டாக்டர் மபூசே' இரண்டு பாகமாக நாலு மணி நேரத்துக்கு மேல் ஓடும். இருவருமாக உட்கார்ந்து அதை ஒரே படமாகச் சுருக்கி, 'பொன்முலாம் பூசிய அழுகல்' என்று பெயரும் வைத்தார்கள். அடுத்த வருஷமே ஐசன்ஸ்டைனின் 'பொட்டெம்கின்' படம். சிஷ்யன் உலகப் புகழ் பெற்றார், துண்டுகளை ஒட்டி அர்த்தம் உண்டாக்கும் மாண்டாஜ் தத்துவம் எழுதினார். அந்த மேசைக்கு யாரும் மாலை போட்டதாகத் தெரியவில்லை.

அடுத்தவர் படத்தை அறுத்து அலுத்ததோ என்னவோ, 1926-இல் ஷுப் ஜாரைப் பிடித்தார். இரண்டாம் நிக்கோலஸுக்குப் படம் பிடிக்கவென்றே அரண்மனைக் கேமராக்காரர்கள் இருந்தார்கள். ஊர்வலம், அணிவகுப்பு, பூஜை, உல்லாசப் பயணம் என்று எல்லாவற்றையும் அவர்களைக் கொண்டு ஜார் பிடித்துவைத்துக்கொண்டார். சொந்தச் செலவில் சூனியம் என்பது இதுதான். லெனின்கிராடின் ஈரம் கசியும் நிலவறைகளில், துருவேறிய டப்பாக்களில் கிடந்தது அந்தச் சூனியம். சில சுருள்களில் மேல்பூச்சே உரிந்து வந்தது. இரண்டு மாதத்தில் 60,000 மீட்டர் பார்த்தார் ஷுப். நிற்காமல் ஓட்டினால் இரண்டு பகல் இரண்டு இரவுக்குக் குறையாது. அவரோ நிறுத்தி நிறுத்திப் பார்த்திருப்பார்.

1927-இல் வந்தது 'ரொமனோவ் வம்சத்தின் வீழ்ச்சி'. கப்பல் தளத்தில், நல்ல வெயிலில், சீமாட்டிகளும் அதிகாரிகளும் மசூர்க்கா ஆடுகிறார்கள். ஆடிக் களைத்து வியர்க்கிறது. அடுத்த துண்டில் குடியானவர்கள் மண்ணை வெட்டுகிறார்கள், அவர்களுக்கும் வியர்க்கிறது. துப்பலை மறைத்த மாதிரி இங்கே எதையும் மறைக்கவில்லை. இரண்டும் நிஜம், பக்கத்தில் பக்கத்தில் வைத்ததுதான் ஷுப் செய்த விஷமம். தன் பெருமைக்குப் பிடித்த படத்தில் ஜார் தானே தனக்கு எதிராகச் சாட்சி சொன்னார், அதுவும் மீசையை முறுக்கிக்கொண்டு.

ஸ்டுடியோவுக்கு அப்போதும் ஒரு சந்தேகம். ஒரு அடிகூடப் படம் பிடிக்காமல், ஊரார் பிலிமை ஒட்டியவரை ஆசிரியர் என்று எப்படி ஒப்புக்கொள்வது? கவிஞர் மாயகோவ்ஸ்கி அவருக்காகச் சண்டை போட வேண்டியிருந்தது.

மறு வருஷம் டால்ஸ்டாய் நூற்றாண்டு. டால்ஸ்டாய் படம் ஒன்று செய்யலாம் என்று டப்பாக்களைத் துழாவினார் ஷுப். கிழவர் நடமாடும் பிலிம் சொற்பமாகத்தான் அகப்பட்டது. குழம்பு குறைந்தால் என்ன, ரசம் இருக்கிறதே! 'இரண்டாம் நிக்கோலஸின் ரஷ்யாவும் லெவ் டால்ஸ்டாயும்' என்று தலைப்பை நீட்டினார். மிச்ச நேரத்தை ஜார் மறுபடி கூலி வாங்காமல் நடித்துக் கொடுத்தார்.