தேக்காவில் காலத்தைக் கடப்பது எப்படி?

காலமுரண் மார்க்கத்தில் சேர விரும்புவோருக்கு முதல் நற்செய்தி: சந்தா இல்லை, தீட்சை இல்லை, தாடி வளர்க்க வேண்டியதில்லை. மார்க்கத்துக்கு இந்தப் பெயரைச் சூட்டியவன் நான்தான். ஆனால் சீடர்கள் எனக்கு வெகுகாலம் முன்பிருந்தே சிராங்கூன் சாலையில் நடமாடிக்கொண்டிருக்கிறார்கள். ஒரே சமயத்தில் இரண்டு மணி அடிக்கலாம், இரண்டும் சரியாக இருக்கலாம், அதில் நமக்குத் தோதானது கொஞ்சம் கூடுதலாகச் சரி. தத்துவம் இவ்வளவுதான். காலமுரணை விளக்க மேலைநாட்டார், பின்னோக்கிப் பயணம் போய்த் தன் தாத்தாவையே கொன்றுவிடும் பேரனை அழைத்து வருவார்கள். நம் வீட்டில் அவ்வளவு சிரமம் வேண்டாம். தாத்தா பிறந்த நேரத்தைக் கேட்டாலே போதும்.

தேவையான பொருள்கள் மூன்று: கைக்கடிகாரம், ஊரிலிருந்து உறவினர் கொண்டுவந்த தினசரிக் காலண்டர், சூரியன்.

சூரியனிலிருந்து தொடங்குங்கள். சிங்கப்பூர் இருப்பது ஏறக்குறைய 104 பாகை கிழக்குத் தீர்க்கரேகையில். அந்தக் கணக்கில் நமக்குச் சேர வேண்டியது கிரீனிச்சைவிட 6 மணி 55 நிமிடம் முந்திய நேரம். கையில் கட்டியிருப்பதோ 8 மணி முந்தியது. அதனால்தான் இங்கே பொழுது ஏழு மணியளவில் விடிகிறது, சூரியன் உச்சிக்கு வரப் பகல் ஒரு மணி ஆகிவிடுகிறது. கோமள விலாஸில் பன்னிரண்டரைக்குச் சாப்பாட்டுக்கு உட்காருகிறவர் சூரியக் கணக்கில் பதினொன்றரைக்கு முன்பே பசித்தவர். இந்த ஒருமணிச் சொச்சம்தான் மார்க்கத்தின் மூலதனம். ஆறரை மணி விருந்துக்கு ஏழரைக்குப் போய் நின்று, “சூரியனுக்கு இன்னும் ஆறரை ஆகவில்லையே” என்று சொல்லிப் பாருங்கள். வானியல்படி அதை மறுக்க ஒருவராலும் முடியாது. சாப்பாடு தீர்ந்துபோயிருக்கலாம், அது வேறு விஷயம்.

அடுத்தது ராகுகாலப் பயிற்சி. இதற்கு நல்ல நாள் வெள்ளிக்கிழமை. காலண்டரில் 10.30 முதல் 12 வரை என்று அச்சாகியிருக்கும். பகலை எட்டாகப் பிரித்து ஒரு பங்கை ராகுவுக்குக் கொடுத்த கணக்கு அது. ஆறு மணிக்கு விடியும் என்று வைத்துக்கொண்டு போட்டது. ஏழு மணிக்கு விடியும் ஊரில் ராகுவும் தாமதமாகத்தான் வர வேண்டும்: 11.30 முதல் 1 வரை. இனி சீடரின் வேலை எளிது. பத்தே முக்காலுக்குக் கடையைத் திறக்க வேண்டுமா, பஞ்சாங்க விதியைக் காட்டுங்கள். பன்னிரண்டேகாலுக்கு முன்பணம் கொடுக்க வேண்டுமா, அச்சடித்த காலண்டரைக் காட்டுங்கள். பதினொன்றரை முதல் பன்னிரண்டு வரை மட்டும் இரண்டு பக்கமும் கதவு சாத்தியிருக்கும். அந்த அரைமணியில் தேக்கா ஈரச்சந்தையில் மீன் வாங்கலாம். மீனுக்கு ராகுகாலம் பார்ப்பவர்களை நான் கண்டதில்லை.

இங்கே ஓர் எச்சரிக்கை. காலண்டர் இந்தியாவில் அச்சானது, ஆகவே இந்திய நேரத்தோடு இரண்டரை மணி கூட்ட வேண்டும் என்றொரு கட்சி உண்டு. அவர்கள் கணக்கில் வெள்ளி ராகு பகல் 1 முதல் 2.30 வரை. பக்தி மிகுந்த புதுச் சீடர்கள் மூன்று கட்சிக்கும் மரியாதை கொடுத்துப் பத்தரையிலிருந்து இரண்டரை வரை ஒரு காரியமும் செய்யாமல் உட்கார்ந்துவிடுவார்கள். நாலு மணி நேரம் வீண். ஒரே காரியத்துக்குப் பெரியப்பாவிடமும் சின்ன மாமியாரிடமும் சேர்த்து நேரம் கேட்காதீர்கள். ஒருவரிடம் கேளுங்கள், விடை பிடிக்காவிட்டால் அடுத்தவரிடம் போங்கள். “அக்கா, இப்ப ராகுகாலமா?” என்றால், “எந்த ஊருல தம்பி?” என்று திருப்பிக் கேட்கும் பூக்காரம்மா கிடைத்துவிட்டால் அவரே உங்கள் குரு.

மேல்வகுப்புக்குச் சனியிடம் போக வேண்டும். திருக்கணிதப் பஞ்சாங்கப்படி அவர் மகரத்தைவிட்டுக் கும்பத்துக்குப் போனது 2023 ஜனவரி 17. வாக்கியப் பஞ்சாங்கப்படி அதே பெயர்ச்சி, திருநள்ளாற்றில் கூட்டம் அலைமோத நடந்தது, அதே ஆண்டு டிசம்பர் 20. இடைப்பட்ட பதினொரு மாதம் ஒரே கிரகம் இரண்டு ராசியில் இருந்தது. தனுசு ராசிக்காரர் அந்த ஆண்டில் வந்த சம்பள உயர்வுக்குத் திருக்கணிதத்தையும், தொலைந்துபோன கைப்பேசிக்கு வாக்கியத்தையும் காரணமாகச் சொல்லியிருக்கலாம். முரணை இதைவிட மரியாதையாக நடத்திய தத்துவத்தை நான் படித்ததில்லை.

இதெல்லாம் மூடநம்பிக்கை, நான் அரசாங்கக் கடிகாரத்தை மட்டுமே நம்புபவன் என்பவர்கள் சற்று உட்காருங்கள். மார்க்கத்தின் மூத்த சீடரே அரசாங்கம்தான். 1905 ஜூன் 1-இல் நேரத்தைக் கிரீனிச்சுக்குச் சரியாக 7 மணி முன்னே வைத்தார்கள். 1933 தொடக்கத்தில் பகல் வெளிச்சத்தைச் சேமிக்க என்று இருபது நிமிடம் கூட்டினார்கள். வருஷம் முழுக்கப் பகலின் நீளம் பத்து நிமிடத்துக்குமேல் மாறாத ஊரில்! 1941 செப்டம்பரில் மேலும் பத்து நிமிடம். 1942 பிப்ரவரி 15 அன்று பிரிட்டிஷார் சரணடைய, மறுநாளே தோக்கியோ நேரம் வந்தது. கடிகாரம் ஒன்றரை மணி முன்னே ஓடியது. அது போதாதென்று ஆண்டும் 2602 ஆனது, ஜப்பானியரின் பேரரசுக் கணக்கில். 2602-ஐப் பார்த்துவிட்டு, 1945-க்குத் திரும்பி வந்த மக்கள் நம் பாட்டன் பாட்டிகள். அரிசிக்கு அலைந்தார்கள், மரவள்ளிக்கிழங்கு தின்றார்கள். எதிர்காலம் எப்படி இருந்தது என்று அவர்களிடம் கேட்டவர்களுக்கு நல்ல பதில் கிடைத்திருக்காது.

கடைசி வித்தை 1981 டிசம்பர் 31 இரவு. தீபகற்ப மலேசியா, சபா சரவாக்கோடு ஒரே நேரத்துக்கு வர முடிவுசெய்தது; சிங்கப்பூரும் கூடவே போனது. இரவு மணி 11.30 ஆனதும் அது 12 ஆகிவிட்டது. ஆகவே அன்றிரவு 11.45-க்கு இந்தத் தீவில் பிறந்தவர் எவரும் கிடையாது. அப்படிப் பிறந்ததாக யாராவது சொன்னால் சந்தேகப்படாமல் மார்க்கத்தின் பீடத்தை அவரிடம் ஒப்படைத்துவிடலாம். சென்னைக்கு நாலு மணி நேரப் பறப்பில் கடிகாரம் ஒன்றரை மணியே நகர்வதையும், திரும்பும்போது ஆறரை மணியாக நீள்வதையும் பெரிய சாதனையாகச் சொல்லிக்கொள்பவர்கள் ஆரம்பப் பள்ளி மாணவர்கள். அவர்களை விட்டுவிடுவோம்.

விளையாட்டை ஒதுக்கிவைத்து ஒன்று சொல்ல வேண்டும். வீட்டில் 1982-க்கு முன் இங்கே பிறந்தவர் இருந்து, அவருக்கு ஜாதகம் கணிக்கும் எண்ணமும் இருந்தால், கணினியில் ஊர்ப்பெயரைத் தட்டிவிட்டு நிம்மதியாக இராதீர்கள். கிரீனிச்சிலிருந்து எத்தனை மணி வித்தியாசம் போட்டிருக்கிறது என்று ஜோசியரைக் கேளுங்கள். போருக்குப் பிறகு 1981 வரை பிறந்தவருக்கு அது 7.30 ஆக இருக்க வேண்டும். ஜப்பானியர் காலத்துக் குழந்தைக்கு 9. இன்றைய 8-ஐப் போட்டால் முதலாமவருக்கு அரைமணியும் அடுத்தவருக்கு ஒரு மணியும் பிசகும். லக்னம் சுமார் இரண்டு மணிக்கொருமுறை மாறுவது.