நீலக் கடல் வரைந்தவர்களுக்கு

தமிழில் குழந்தைகளுக்குப் புத்தகம் எழுதுவோரே, படம் வரைவோரே, அச்சிட்டு அடுக்குவோரே! வடசென்னையில் இராயபுரம் தொடங்கி எண்ணூர் முகத்துவாரம் வரை கரையோரம் வளரும் பிள்ளைகளை மனத்தில் வைத்துக்கொண்டு உங்களைப் புகழ வந்திருக்கிறேன். இந்தப் புகழ்ச்சியில் ஒரு சொல்கூடப் பொய் இல்லை. அத்தனையும் உண்மையாக இருப்பதுதான் என் வருத்தம்.

முதலில் உங்கள் கடல். அதன் அழகைச் சொல்லாமல் இருக்க முடியாது. பக்கம் முழுக்க நீலம், ஓரத்தில் மஞ்சள் மணல், இரண்டு தென்னை, பாய் விரித்த ஒரு படகு, கண் சிமிட்டும் ஒரு மீன். உங்கள் கையில் இந்தக் கடல் ஒரு நாளும் கறுத்ததில்லை. 2017 ஜனவரி 28 அன்று எண்ணூர் அருகே ‘பி.டபிள்யூ. மேப்பிள்’, ‘டான் காஞ்சிபுரம்’ என்ற இரண்டு கப்பல்கள் மோதின. கரையில் ஒதுங்கிய எண்ணெயை ஆட்கள் வாளி வாளியாக அள்ளினார்கள். உங்கள் கடல் நீலமாகவே இருந்தது. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயலின் வெள்ளத்தோடு மணலித் தொழிற்பேட்டையிலிருந்து எண்ணெய் இறங்கிக் கொசஸ்தலையாற்றை மூடியது. படகின் அடியும் வலையும் அலையாத்தி வேரும் கூழைக்கடாவின் சிறகும் கறுத்தன. அதே மாதம் 26ஆம் தேதி நள்ளிரவில், சுனாமி வந்த அதே தேதியில், பெரியகுப்பத்தில் கடலடிக் குழாயிலிருந்து அம்மோனியா கசிந்தது. தூக்கத்திலிருந்த பிள்ளைகளைத் தோளில் போட்டுக்கொண்டு ஊரே ஓடியது. அப்போதும் உங்கள் தூரிகை அசையவில்லை. குழந்தையின் கண்ணை இத்தனை கவனமாகக் காத்தவர்களை நான் வேறெங்கும் கண்டதில்லை. என்ன செய்வது, அந்தக் கண் தினமும் காலையில் சன்னலைத் திறந்துவிடுகிறதே!

நெட்டுக்குப்பத்தில் ஒரு சிறுமி உங்கள் படப்புத்தகத்தை மடியில் விரித்துவைத்து நெடுநேரம் பார்த்தாள். பிறகு, “இது எந்தூர் கடலுக்கா?” என்று கேட்டாள். பத்தடி தள்ளி அவளுடைய கடல் இரைந்துகொண்டிருந்தது. ஆற்றுக்கு அந்தப் பக்கம் அனல்மின் நிலையத்தின் புகைபோக்கிகள், நிலக்கரி வரும் நீண்ட பெல்ட், சாம்பல் குழாய்கள். பல ஆண்டுகளாகச் சாம்பல் படிந்து ஆழம் குறைந்துபோன ஆற்றில் ஆட்கள் இடுப்பளவு நீரில் நின்றார்கள். கடல் என்றால் இப்படி இருக்க வேண்டும் என்று உங்கள் படம் அவளுக்குச் சொல்லிவிட்டது. தன் கடல் எதில் தவறிப்போனது என்று அவளே யோசித்துக்கொள்ளட்டும் என்று விட்டுவிட்டீர்கள்.

உங்கள் தாராளத்தையும் சொல்ல வேண்டும். பனிக்கரடி, பெங்குவின், இக்லூ, கங்காரு என்று காசிமேட்டுப் பிள்ளைக்கு உலகத்தையே கொடுத்திருக்கிறீர்கள். 1947 முதல் அம்புலிமாமா மகாராஜாக்களையும் வேதாளத்தையும் கொண்டுவந்தது. அதற்கு நான் மனமார நன்றி சொல்வேன், அந்த உலகங்கள் எனக்கும் வேண்டியிருந்தன. மீனவரையும் நீங்கள் மறந்துவிடவில்லை. இராமனைக் கங்கை கடத்திய குகன் இருக்கிறான். பொன்மீனைக் கடலுக்கே திருப்பிவிட்ட நாகப்பட்டினத்து அதிபத்த நாயனார் இருக்கிறார். ஆகப் பெரிய பக்தராக ஆகிவிட்டால் மீனவருக்கும் உங்கள் நூலில் இடம் உண்டு.

இன்றைய மீனவப் பிள்ளையிடம் உங்களுக்குள்ள கருணை இன்னும் பெரிது. நான் படித்த கதைகளில் அவன் எப்போதும் ஏழை, எப்போதும் நல்லவன். ஓர் ஆசிரியரோ நகரத்து மாமாவோ வந்து கை கொடுக்கிறார். கடைசிப் பக்கத்தில் அவன் கலெக்டர் ஆகிவிடுகிறான், குப்பத்தை விட்டு வெளியேறியும்விடுகிறான். ஒருவனைக்கூட நீங்கள் அங்கேயே விட்டுவிட்டு வந்ததில்லை. அவன் அப்பாவுக்குத் தெரிந்ததையெல்லாம்தான் அங்கேயே விட்டுவிட்டு வந்தீர்கள். தெற்கிலிருந்து வடக்கே ஓடும் தெண்டி வெள்ளம் எது, வடக்கிலிருந்து தெற்கே இறங்கும் வண்ணி வெள்ளம் எது, வாடை எப்போது விழும், எந்த நீரோட்டத்தில் கவலை மீன் வரும், எதில் காரப்பொடி வரும் என்பதையெல்லாம் கரையில் நின்று பார்த்தே சொல்லும் மனிதர் அவர். பள்ளிக்கூடத்து வாசலில் அவர் கூச்சத்தோடு நிற்கிறார். மகன் கையிலுள்ள எந்தப் புத்தகத்திலும் அவருக்குத் தெரிந்த ஒன்றும் இல்லை.

பகிர்ந்து உண்ண வேண்டும் என்று சொல்லிக்கொடுக்க நீங்கள் எத்தனை காக்கைகளையும் எத்தனை நரிகளையும் உழைக்க வைத்திருக்கிறீர்கள்! சலித்ததே இல்லை. எண்ணூருக்கு வடக்கே பழவேற்காட்டு ஏரியில் ‘பாடு’ என்று ஒரு முறை உண்டு. இறால் கிடைக்கும் இடம் எல்லாம் ஒன்றுபோல் இருக்காது, ஓரிடத்தில் நிறைய வரும், இன்னோரிடத்தில் வலை வெறுமையாக எழும். அதனால் இன்றைக்கு எந்த இடம் யாருக்கு என்று சீட்டுப் போட்டு, முறைவைத்து மாற்றிக்கொள்கிறார்கள். சண்டையும் வரும், பஞ்சாயத்தும் கூடும், மறுநாள் வலை இறங்கும். ஒன்பது வயதுப் பிள்ளைக்கு இதைவிட நல்ல கதை என்ன வேண்டும்? இதில் நரி இல்லை, அது ஒன்றுதான் குறை.

மெரினாவைப் பற்றி நீங்கள் எழுதியவற்றை ஒரு மூட்டை கட்டலாம். பலூன், சுண்டல், குதிரை, கலங்கரை விளக்கம், அகலமான மணல். அந்த மணல் அங்கே எப்படி வந்தது என்பதைச் சொல்லிக் குழந்தையின் விளையாட்டை நீங்கள் கெடுத்ததில்லை. ஆண்டின் பெரும்பகுதி இந்தக் கரையோரமாக மணல் தெற்கிலிருந்து வடக்கு நோக்கி நகர்ந்துகொண்டே இருக்கும். 1870களின் பிற்பாதியில் சென்னைத் துறைமுகத்தின் சுவரைக் கடலுக்குள் நீட்டினார்கள். வந்துகொண்டிருந்த மணல் அங்கே தடுக்கிச் சுவருக்குத் தெற்கே குவிந்தது, கடற்கரை அகன்றது. வடக்கே போக வேண்டிய மணல் போகவில்லை. கடல் இராயபுரம் பக்கம் கரையைத் தின்னத் தொடங்கியது. வீடு, தெரு, வலை உலர்த்தும் இடம், படகு ஏற்றும் இடம் என்று ஒவ்வொன்றாகப் போனது. இன்றைக்குத் திருவொற்றியூர்க் கரையில் நிற்பது கருங்கல் சுவரும் தூண்டில் வளைவும். பிள்ளைகள் மணலில் ஓடுவதற்குப் பதிலாகப் பாறைக்குப் பாறை தாவுகிறார்கள். தெற்கே ஒரு பிள்ளை மணல்வீடு கட்டுகிற மணல், வடக்கே இன்னொரு பிள்ளையின் வாசலுக்கு வந்திருக்க வேண்டியது. இரண்டு பிள்ளைகளும் ஒரே ஊர். விஞ்ஞானமும் இருக்கிறது, சரித்திரமும் இருக்கிறது, யாருக்கு என்ன கிடைத்தது என்ற கேள்வியும் இருக்கிறது. முப்பத்திரண்டு பக்கப் படப்புத்தகத்துக்குள் அடங்கக்கூடிய விஷயம் இது. துறைமுகச் சுவர் எழுந்து நூற்றாண்டுக்கு மேல் ஆகிறது, உங்கள் பொறுமை இன்னும் குலையவில்லை.

கோடை இதழ்களில் உங்கள் விடுமுறைக் கதைகள் குளிர்ச்சியானவை. ஊட்டி, கொடைக்கானல், மாமரமுள்ள தாத்தா வீடு. காசிமேட்டிலும் விடுமுறை உண்டு. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலம். விசைப்படகு ஒன்றும் தொழிலுக்குப் போகாது. துறைமுகத்தில் படகோடு படகு உரசி நிற்கும், எஞ்சின் இறக்குவார்கள், பலகை மாற்றுவார்கள், பெயர் எழுதுவார்கள், வலை பொத்துவார்கள். ஆண்டு முழுக்கக் கடலில் கிடக்கும் நைனாவைப் பிள்ளை பகலெல்லாம் பார்க்கிற மாதங்கள் அவை. வீட்டில் காசு இல்லாத மாதங்களும் அவைதான். அந்த மகிழ்ச்சியும் அந்தக் கஷ்டமும் சேர்ந்திருக்கும் விடுமுறை உங்கள் கோடை மலரில் இதுவரை வரவில்லை. மாமரத்து நிழல் உங்களுக்குப் போதுமானதாக இருந்திருக்கிறது.

பேரழிவு வந்தால் மட்டும் நீங்கள் தாமதிப்பதில்லை. 2004 சுனாமிக்குப் பின் தூலிகா வெளியிட்ட சந்தியா ராவின் நூல், கடலை நேசித்த ஒரு பிள்ளையின் திகைப்பை மென்மையாகச் சொன்னது. தாரா புக்ஸ், வங்கத்துப் பட்டுவா ஓவியர்களின் சுருள்படத்தை அப்படியே புத்தகமாக்கியது. இரண்டும் நல்ல நூல்கள், ஒளிவுமறைவின்றிப் பாராட்டுகிறேன். ஆனால் ஒரே காலையில் வந்து போன அலைக்குப் புத்தகம் கிடைத்தது. கொஞ்சம் கொஞ்சமாகக் கரையைத் தின்னும் அலைக்கும், கொஞ்சம் கொஞ்சமாக ஆற்றை நிரப்பும் சாம்பலுக்கும் கிடைக்கவில்லை. குப்பத்துப் பிள்ளை உங்கள் பக்கத்துக்குள் வர வேண்டுமென்றால் அவன் வீடு ஒரே அடியாகப் போக வேண்டியிருக்கிறது.

தூலிகாவின் இன்னொரு நூலை எப்போதும் நீட்டிக் காட்டுவீர்கள், நானும் காட்டுவேன். ஜாய் விட்டேக்கர் எழுதிய, காளி என்ற இருளர் சிறுவனின் கதை. பாம்பு பிடிக்கும் அப்பாவை நினைத்து வகுப்பில் கூசிக் கிடந்தவன், வகுப்பறைக்குள் சாரைப்பாம்பு விழுந்த நாளில் எல்லோருக்கும் முன்னால் எழுந்து நிற்கிறான். வெளியேறாமலே தலைநிமிர்ந்த பிள்ளை அவன். அந்த ஒரு நூலை வைத்துக்கொண்டு எத்தனை கருத்தரங்குகளில் நம்மைக் காப்பாற்றிக்கொண்டோம்! எண்ணூர் உப்பங்கழியில் இருளர்கள் கழுத்தளவு நீரில் இறங்கி, பனையோலைப் பறியைப் பல்லில் கடித்துக்கொண்டு, சேற்றுக்குள் விரலால் தடவியே இறால் பிடிக்கிறார்கள். வலை கிடையாது, தூண்டில் கிடையாது, விரலுக்குத்தான் கண். அவர்களுடைய பிள்ளைகளுக்கும் ஒரு காளி வேண்டும். ஒருவனை வைத்தே எத்தனை காலம் ஓட்டுவது?

இந்த வகையான புகழ் உங்களுக்கு மட்டும் உரியதல்ல. அமெரிக்காவில் 1932இல் குழந்தை இலக்கியத்துக்கான நியூபெரி பதக்கம் பெற்ற ‘வாட்டர்லெஸ் மவுண்டன்’ நவஹோ பழங்குடிச் சிறுவன் ஒருவனின் கதை. எழுதிய லாரா ஆடம்ஸ் ஆர்மர் நவஹோ அல்லர். வெளியிலிருந்து வந்தவர்கள் அன்போடு எழுதிக்கொடுத்த தங்கள் வாழ்க்கையை நவஹோ பிள்ளைகள் நெடுங்காலம் படித்தார்கள். பிறகு அரிசோனாவில் ஃபிளாக்ஸ்டாஃப் நகரத்து சலினா புக்‌ஷெல்ஃப் நவஹோவும் ஆங்கிலமும் அருகருகே இருக்கும் நூல்களைக் கொண்டுவரத் தொடங்கியது. 2021இல் நவஹோ எழுத்தாளர் பிரையன் யங், யுரேனியத்தின் நஞ்சால் நோயுற்ற நீர்த்தெய்வத்தைக் காப்பாற்றப் புறப்படும் ஒரு சிறுவனை வைத்துச் சாகசக் கதை எழுதினார். 1979இல் சர்ச் ராக்கில் யுரேனிய ஆலையின் அணை உடைந்து கழிவு ஆற்றில் கலந்த மண் அது. நஞ்சு கலந்த ஆறு குழந்தைக்கு ஆகாத விஷயம் என்று அவர் ஒதுக்கவில்லை. அந்த ஆற்றங்கரையில்தானே குழந்தை வளர்கிறது.

உங்கள் மொழித் தூய்மையை விட்டுவிட்டால் இந்தப் புகழுரை நிறைவாகாது. குப்பத்துப் பிள்ளை வாய் திறந்தவுடன் அவன் பேச்சைக் கழுவித் துடைத்து, இலக்கணம் உடுத்தி, பக்கத்தில் உட்கார வைக்கிறீர்கள். ‘நைனா’ அப்பாவாகிறார், ‘ஆயா’ பாட்டியாகிறாள். சினிமா அந்தப் பேச்சை அடியாளுக்கும் நகைச்சுவைக்கும் ஒதுக்கியது. நீங்கள் அதற்கும் ஒதுக்கவில்லை. பிள்ளைகளோ இரண்டு பேச்சையும் சுமக்கத் தெரிந்தவர்கள், பாடம் ஒப்பிக்கும்போது ஒன்று, பாறைமேல் உட்கார்ந்து கதை சொல்லும்போது ஒன்று. அந்த இரண்டாவது பேச்சில்தான் அவர்கள் கதையை வளர்த்துச் சொல்கிறார்கள், கேட்டவர்களுக்கு அது தெரியும்.

உங்களிடம் திறமை இல்லை என்று யாராவது சொன்னால் நான் மறுப்பேன். மத்தியப் பிரதேசத்துக் கோண்டு ஓவியர்களின் மரங்களைக் கையால் அச்சிட்டு, பஜ்ஜு ஷியாம் போன்றவர்களின் பெயரை அட்டையிலேயே போட்டு உலகத்துக்குக் காட்டியது இதே சென்னைதான். கலைஞரைத் தேடிப் போகவும், அவர் சொல்வதைக் கேட்கவும், அவரையே ஆசிரியராக்கவும் இந்த ஊருக்குத் தெரியும். மத்தியப் பிரதேசம் வரை போன கால்களுக்குத் தாழங்குப்பம் தூரமில்லை. வரைகிறவர் ஒருவரை அனுப்புங்கள். வண்ணப்பெட்டியில் சாம்பலும் கறுப்பும் கூடுதலாக இருக்கட்டும், நீலமும் வேண்டும், புரட்டாசியில் சில காலைகளில் அது அங்கேயும் வரும். வலை பொத்தும் இடத்தில் உட்காரச் சொல்லுங்கள். கதையைக் குப்பத்துக்காரர்கள் சொல்லட்டும், அவர்கள் சொன்னபடியே அச்சேறட்டும். அட்டையில் அவர்கள் பெயர் உங்கள் பெயருக்கு மேலே வரட்டும். விலையை மட்டும் வழக்கம்போல் வைத்துவிடாதீர்கள். தடைக்காலத்திலும் வாங்கக்கூடியதாக இருக்க வேண்டும்.