ஆரஞ்சு நிற வேம்ப்: ஒரு குடியிருப்பு வழக்கு

விண்டோஸ் திரையின் வலது கீழ் மூலையில், அப்பாச்சி, மைஎஸ்க்யூஎல், பிஎச்பி மூன்றையும் ஒருசேர நிறுவித் தரும் வேம்ப்சர்வரின் (சுருக்கமாக வேம்ப்) சின்னம் மூன்று நிறம் காட்டும். சிவப்பு என்றால் ஒன்றும் ஓடவில்லை. பச்சை என்றால் அப்பாச்சியும் மைஎஸ்க்யூஎல்லும் ஓடுகின்றன. இவற்றில் ஆய்வுக்கு இடமில்லை. ஒன்று ஓடி மற்றொன்று ஓடாத இடைப்பட்ட ஆரஞ்சுதான் அறிஞர் உலகைப் பிளந்தது. பிஎச்பி 5.5.12 கொண்ட வேம்ப் 2.5 பதிப்பை இன்றும் நிறுவுவோர் உளர். பழைய மைஎஸ்க்யூஎல் கட்டளைகளை பிஎச்பி 7 நீக்கிவிட்டதால் திருத்தப்படாத பழைய நிரல்கள் அதில் ஓடா. இவர்கள் ஆரஞ்சை நோய் எனக் கொண்டு, நீக்கி நீக்கி மறுபடி நிறுவுகிறார்கள். அது பெரும்பாலும் நோயன்று, குடியிருப்புத் தகராறு என்பதே இக்கட்டுரையின் துணிபு.

அப்பாச்சி குடிபுக வேண்டியது, உலாவி வந்து தட்டும் வாசலாகிய 80-ஆம் போர்ட். பழைய ஸ்கைப் அதையும் 443-ஐயும் பிடித்து வைத்துக்கொண்டது. ஸ்கைப்பை மூடி, வேம்ப்பைப் பச்சையாக்கி, பிறகு ஸ்கைப்பைத் திறந்தபோது இரண்டும் சண்டையின்றி வாழ்ந்தன. மாறியது வந்த வரிசை மட்டுமே. நோயாயின் வரிசை மாறியதும் தீருமோ? மைக்ரோசாப்டின் வலைச் சர்வரான ஐஐஎஸ் அத்தனை சாது அன்று. எந்தப் போர்ட் எதன் பிடியில் எனக் காட்டும் நெட்ஸ்டாட் கட்டளையை ஓட்டினால் 80-க்கு நேரே 4 என்ற செயல் எண் (PID) நிற்கும். டாஸ்க் மேனேஜரில் அந்த எண்ணுக்குரிய பெயர் 'சிஸ்டம்'. இது பினாமிப் பெயர். உள்ளே இருப்பது ஐஐஎஸ் ஆகலாம், எஸ்க்யூஎல் சர்வரின் ரிப்போர்ட்டிங் சர்வீசஸ் ஆகலாம்.

அற்றேல், கணினியை அணைத்துப் போட்டால் தீராதோ எனின், தீராது, என்னை? ஐஐஎஸ் விண்டோஸோடு கூடவே எழும், வேம்ப் நாம் சொடுக்கிய பிறகே எழும். அணைத்துப் போடுவது எதிர்த்தரப்புக்கே சாதகம். மைஎஸ்க்யூஎல் படுத்தாலும் ஆரஞ்சுதானே என்பாரும் உளர். அஃதொக்கும், ஆயினும் 80-ஆம் போர்ட்டைச் சோதிக்கவென்றே தனி வசதியை மெனுவில் வைத்தவர்கள் வேம்ப்பைச் செய்தவர்களே. குற்றவாளி யாரென்று அவர்களுக்குத் தெரியாதா? அமைப்புக் கோப்பில் 8080 என்று மாற்றிவிடலாமே என்பது வலுவான தடை. மாற்றினால் பச்சை வரும், ஐயமில்லை. ஆனால் எண் தராத முகவரிக்கு உலாவி 80-ஐயே தட்டும். வேர்ட்பிரஸோ தன் முகவரியைத் தரவுத்தளத்தில் எழுதி வைத்திருப்பதால் பழைய வாசலுக்கே ஆள் அனுப்பும். அலுவலகக் கணினியில் ஐஐஎஸ்ஸைத் தொட அனுமதியில்லாதவர் மட்டும் 8080-க்குக் குடிபெயரலாம். ஏனையோர் ஐஐஎஸ் சேவையை நிறுத்துவதே முறை. இவ்வளவுக்குப் பிறகும் நீக்கி மறுபடி நிறுவியே தீருவேன் என்போர், அதற்குமுன் தரவுத்தளத்தையும் நிரல் கோப்புறையையும் தயவுசெய்து நகலெடுத்து வைக்கவும்.