பீடம் வாடகைக்கு

பாரிஸ் நகரத்து வான்தோம் சதுக்கத்தில் ஒரு பீடம் இருந்தது. நடு ஊர், நல்ல காற்று, சுற்றிலும் பணக்கார வீடுகள். ஒரே குறை, குடிவந்தவர் யாரும் நிலைத்ததில்லை.

முதல் குடித்தனக்காரர் பதினான்காம் லூயி. 1699இல் வெண்கலக் குதிரையில் வந்து இறங்காமல் உட்கார்ந்தவர், 93 வருஷம் அசையவில்லை. 1792 ஆகஸ்டில் புரட்சிக்காரர்கள் வந்து குதிரையோடு சேர்த்துக் கவிழ்த்தார்கள். போன் நெஃப் பாலத்தில் நின்ற நான்காம் ஹென்றியையும் அதே கையோடு முடித்தார்கள். உயிரோடிருந்த லூயி பதினாறாமவர். அவர் தலை போனது அடுத்த ஜனவரியில். அதற்குள் சிலைகளை வைத்து ஒத்திகை பார்த்துக்கொண்டார்கள் போலும்.

அடுத்து நெப்போலியன். வெறும் பீடம் அவருக்குப் போதவில்லை. 44 மீட்டர் உயரக் கல்தூண் எழுப்பி, ஆஸ்டர்லிட்ஸ் போரில் பிடித்த பீரங்கிகளை உருக்கி அதற்கு வெண்கலச் சட்டை மாட்டினார். 1810இல் உச்சியில் அவரே ஏறி நின்றார், ரோமாபுரி சக்கரவர்த்தி வேஷத்தில், முழங்கால் தெரிய. பாரிஸ் குளிருக்கு அந்த உடை எப்படித் தாங்கியதோ!

1814இல் அவர் தோற்றார். ஆர்வக்கோளாறுகள் சிலர் சிலையின் கழுத்தில் கயிற்றை மாட்டி இழுத்துப் பார்த்தார்கள். அசையவில்லை. பிறகு ஆள் வைத்து முறையாக இறக்கினார்கள். திரும்பி வந்த அரச குடும்பம் அந்த உலோகத்தை வீணாக்கவில்லை. 1818இல் போன் நெஃப் பாலத்துக்குப் புது ஹென்றி செய்ய அதுவும் உருகியது. நெப்போலியனாகப் படுத்த வெண்கலம் ஹென்றியாக எழுந்தது. வெண்கலத்துக்குக் கட்சி மாறுவதில் கூச்சமே கிடையாது.

தூண் மொட்டையாக நின்றால் நன்றாயிருக்குமா? 1833இல் லூயி பிலிப் மன்னர் நெப்போலியனைத் திரும்ப ஏற்றினார். இந்த முறை மேல்கோட்டும் தொப்பியும். 1863இல் தம்பி மகன் மூன்றாம் நெப்போலியனுக்கு அது கௌரவக் குறைச்சலாகப் பட்டது. கோட்டுக்காரரை அனுப்பிவிட்டு, மீண்டும் முழங்கால் தெரிகிற ஆளையே கொண்டுவந்தார்.

1870இல் அந்தத் தம்பி மகன் பிரஷ்யர்களிடம் பிடிபட்டார். அந்தச் செப்டம்பரில் ஓவியர் குஸ்தாவ் கூர்பே ஒரு மனு போட்டார்: இந்தத் தூணில் கலையே இல்லை, கழற்றிவிடலாம். ‘கல்லுடைப்போர்’ என்ற ஓவியத்தால் பேர் வாங்கியவர் வேறு என்ன சொல்வார்! 1871 ஏப்ரல் 12இல், நகரத்தைக் கையில் எடுத்திருந்த கிளர்ச்சிச் சபையான பாரிஸ் கம்யூன் தூணை இடிக்க ஆணை போட்டது. கூர்பே அந்தச் சபைக்குத் தேர்வானதே அதற்குப் பிறகுதான்.

மே 16 அன்று திருவிழாக் கூட்டம். பேண்டு வாசித்தார்கள். அக்கம்பக்கத்தார் ஜன்னல் கண்ணாடி உடையாமலிருக்கக் காகிதப் பட்டை ஒட்டிவைத்தார்கள். தூண் விழுவதற்குச் சுள்ளியும் வைக்கோலும் சாணியும் பரப்பி மெத்தை போட்டார்கள். முதல் இழுப்பில் இழுவை இயந்திரம்தான் உடைந்தது, தூண் அல்ல. மாலை ஐந்தரை மணிவாக்கில் ஒருவழியாகச் சக்கரவர்த்தி சாணியில் விழுந்தார். உடனே ஆளாளுக்கு இடிபாட்டின் பக்கத்தில் நின்று போட்டோ எடுத்துக்கொண்டார்கள். இரண்டு வாரத்துக்குள் கம்யூனும் போயிற்று.

சிலையை உடைக்கிறவர்கள் எல்லாரும் ஒரே வசனம்தான் சொல்வார்கள்: இது வெறும் கல், வெறும் உலோகம். வெறும் உலோகத்தின் கழுத்தில் கயிறு எதற்கு? அது விழும்போது பேண்டு எதற்கு? கும்பிடுகிறவனுக்குக்கூட அவ்வப்போது சந்தேகம் வரும். உடைக்கிறவனுக்கு மட்டும் உள்ளே ஆள் இருப்பது நிச்சயமாகத் தெரியும். அதனால்தான் உடைத்த இடத்தைச் சும்மா விட யாருக்கும் மனசு வருவதில்லை.

கம்யூனுக்குப் பின் வந்தவர்களுக்கும் வரவில்லை. 1875க்குள் தூண் எழுந்தது, நெப்போலியனும் பழைய உடையோடு ஏறிவிட்டார். பில்? கூர்பேயின் தலையில். ஆறு மாதச் சிறை, 500 பிராங்க் அபராதம் எல்லாம் முன்பே ஆகியிருந்தது. சொத்தை ஜப்தி செய்தார்கள். அவர் சுவிட்சர்லாந்துக்கு ஓடினார். 1877இல் கணக்குப் பார்த்துச் சொன்ன தொகை 3,23,091 பிராங்க் சொச்சம். தவணை வசதியும் உண்டு: வருஷத்துக்கு 10,000 வீதம் 33 வருஷம். கடன் தீரும்போது அவருக்கு வயது தொண்ணூறைத் தாண்டியிருக்கும்.

முதல் தவணைக்கு முந்தின நாள், டிசம்பர் 31 அன்று, கூர்பே காலமானார். பெருங்குடிகாரர். சொச்சம் விடாமல் கணக்குப் போட்ட அதிகாரிகள் அவருடைய கல்லீரலை மட்டும் கணக்கில் எடுக்க மறந்துவிட்டார்கள்.