அணு உலைக்குள் ஓர் இசையமைப்பாளர்

கேள்வி: விரல்விட்டு எண்ணக்கூடிய ரசிகர்களுக்காகப் பரிசோதனை இசை வாசிப்பவர்களைச் சினிமா சேர்த்துக்கொள்ளுமா?

பதில்: சேர்த்துக்கொள்ளும், ஆஸ்கரும் கொடுக்கும்! ஐஸ்லாந்தின் செல்லோ கலைஞர் ஹில்டுர் குட்னடோட்டிர் அதற்கு அத்தாட்சி. 'மூம்' குழுவில் வாசித்தவர். காதைப் பதம்பார்க்கும் 'த்ராபிங் கிரிஸ்டில்', 'பான் சோனிக்' குழுக்களோடும் கைகோத்தவர்.

அணு உலை விபத்தைச் சொல்லும் 'செர்னோபில்' (2019) தொலைக்காட்சித் தொடருக்கு இசை கேட்டார்கள். அம்மணி வாத்தியங்களைத் தேடவில்லை. படப்பிடிப்பு நடந்த லிதுவேனியாவின் இக்னலினா அணுமின் நிலையத்துக்குள் பாதுகாப்பு உடை மாட்டிக்கொண்டு நுழைந்தார். மின் உற்பத்தியை நிறுத்தி ஏறக்குறைய பத்தாண்டுகள் ஆகியிருந்த இடம் அது. அங்கே கதவுகள் முனகுவதையும் இயந்திர அறைகள் எதிரொலிப்பதையும் பதிவு செய்தார். அந்தச் சத்தங்களோடு தன் குரலையும் குழைத்தார். எம்மி விருது வந்தது.

'ஜோக்கர்' படத்தின் கதை இன்னும் சுவாரஸ்யம். வழக்கமாகப் படம் முடிந்த பிறகுதான் பின்னணி இசை. இங்கே இயக்குநர் டாட் பிலிப்ஸ் திரைக்கதையை முன்கூட்டியே அனுப்ப, ஹில்டுர் செல்லோவில் இசையமைத்துத் தந்துவிட்டார். படப்பிடிப்பில் அதை ஒலிக்கவிட்டபோது நாயகன் வாக்கீன் ஃபீனிக்ஸ் ஆடியதுதான் அந்தப் பிரபலமான கழிப்பறை நடனம். டான்ஸ் மாஸ்டர் வேலையையும் செல்லோவே பார்த்துவிட்டது! அந்த இசைக்குத்தான் 2020-இல் ஆஸ்கர்.

ஆகவே, எதிர்வீட்டுப் பையன் மொட்டை மாடியில் தகரம் தட்டினால் உடனே சண்டைக்குப் போய்விடாதீர்கள்.