வடு ஊறட்டும்லே

ஏலே பேராண்டி, காதுல ரெண்டு சொருகி வச்சிருக்கியே, அதுல ஒண்ணைக் கழட்டி இங்க குடு. ரெண்டு நாளா வேப்பமரத்தடியில ஒரே பாட்டு, ஒரே மூஞ்சி. கெடாக்குட்டியத் தொலைச்சவன்கூட ரெண்டாம் நாள் சோறு தின்னுருவான்.

என்ன பாட்டு? ‘ஸ்ட்ராபெரி வைன்’. பாடுனது டியானா கார்ட்டர். அமெரிக்காவுல பட்டிக்காட்டுப் பாட்டு, ‘கன்ட்ரி’ம்பாகளாம். நேத்து ராத்திரி நீதான் அது பொறந்த கதையெல்லாம் சொன்ன. நல்லாத்தான் சொன்ன. என்ன, சொன்ன உன் காதுலதான் அது விழல. அதனால நான் திருப்பிச் சொல்லுதேன், கேளு.

விஸ்கான்சின்ல லக்குனு ஒரு சின்ன ஊரு. ஊரு பேரே அதிர்ஷ்டம். அங்க தாத்தா பாட்டிக்குப் பால்பண்ணை. லீவுக்கு வந்து போன பேத்தி மட்ரேசா பெர்க், அந்தக் கோடைய மனசுல வச்சுக்கிட்டு, கேரி ஹாரிசனையும் சேத்துக்கிட்டு எழுதுன பாட்டு. பாட்டுல வர்ற பிள்ளைக்கு 17 வயசு. காலேஜ் செலவுக்காக ஒரு பையன் அவ தாத்தா தோட்டத்துல வேலை பாக்கான். ஜூலை மாச வெக்கை, நெலா வெளிச்சம், ஆத்தங்கரை, கூட ஸ்ட்ராபெரிப் பழத்துல எறக்குன வைன். கேக்கணுமா? கோடை முடிஞ்சுது. அப்புறம் நாலு கடுதாசி, தொலைதூரத்துலருந்து ஒரே ஒரு போன். தேஞ்சு நின்னுபோச்சு.

இதுல ரெண்டு சங்கதியக் கவனி. ஒண்ணு, அந்தப் பய வேலை பாத்தான். ரெண்டு, அவங்கிட்டக் காரு இருந்துச்சு. உங்கிட்ட இருக்கது என் பழைய மொபெட்டு. அதுக்கும் பெட்ரோல் நாந்தான் போடுதேன்.

சரி, கோவிச்சுக்காத. டியானா கார்ட்டர் 1996-ல இந்தப் பாட்டைப் பாடும்போது அதுக்கு வயசென்ன? 30. அப்பா ஃப்ரெட் கார்ட்டர், பாட்டுக்காரவுக ஊரான நாஷ்வில்ல பேர்போன கிட்டார்க்காரரு. அந்த வீட்டுப் பிள்ளைக்கே 30 வயசுலதான் பேரு கெடச்சுது. 17 வயசுக் கதைய 30 வயசுத் தொண்டை பாடுது. சூட்சுமம் அங்கதாம்லே இருக்கு.

உங்க பாட்டி அடுக்களையில மாவடு போட்டு வச்சிருக்காளே, பாத்தியா? கல்லுப்பு, மஞ்சப்பொடி, மேல விளக்கெண்ணெய். தினம் ஜாடியக் குலுக்கி வைப்பா. வடு சுருங்கணும், தண்ணி விடணும், அந்தத் தண்ணியிலயே அது ஊறணும். மறுநாளே தொறந்து கடிச்சா பல்லுதான் கூசும். நீயும் நீ விரும்புன பிள்ளையும் பிரிஞ்சது போன அமாவாசைக்கு. இன்னும் பௌர்ணமி வரல. அதுக்குள்ள ‘அதெல்லாம் ஒரு காலம் தாத்தா’ங்க. எது காலம்? பதிமூணு நாளா? உன் முகத்துல மீசையே இன்னும் காலத்துக்கு வரல.

தாளத்தைக் கேட்டியா? தகிட, தகிடன்னு மூணு மூணா எண்ணி வருது. தொட்டில் ஆட்டுத கணக்கு. அந்தத் தாளத்துல எதைப் போட்டாலும் நெஞ்சு கரையும். கரண்டு பில்லை ராகம் போட்டு வாசிச்சாலும் உனக்குக் கண்ணுல தண்ணி வந்துரும். அதுக்காக ஈபி ஆபீசைப் போயிக் கட்டிப்பிடிப்பியா?

இன்னொண்ணு. எழுதுனவுக இந்தப் பாட்டைத் தூக்கிக்கிட்டு அலைஞ்சப்போ நாஷ்வில்ல பலபேரு, நீளம்னு சொல்லி ஒதுக்குனாகளாம். ஏறக்கொறைய 5 நிமிசம். அடுத்தவன் பழைய காதல் எப்பவும் நீளந்தாம்லே. 5 நிமிசத்துக்கே அவுக கொட்டாவி விட்டாக. நீ நேத்து எனக்கு ரெண்டரை மணி நேரம் சொன்ன. நான் முழிச்சிருந்ததுக்கு எனக்கு ஒரு விருது குடுக்கணும்.

விருதுன்னதும் நெனப்பு வருது. 1996 நவம்பர்ல பாட்டு கன்ட்ரி வரிசையில மொத எடத்துக்கு வந்துச்சு. 1997-ல கன்ட்ரி மியூசிக் அசோசியேசன் விருது ரெண்டு: ஒண்ணு தனிப்பாட்டாப் போட்ட தட்டுக்கு, இன்னொண்ணு எழுதுனவுகளுக்கு. எல்லாங் குடுத்தாக, அந்தப் பையனைத் திருப்பிக் குடுத்தாகளா? யாரும் கேக்கவும் இல்ல. ஏன்னா, பாட்டுல வர்ற பிள்ளை வருசா வருசம் தோட்டத்துக்குத் திரும்பி வருது. ஏரு பாக்காத நெலம் புதர் மண்டிக் கெடக்கு. அங்க நின்னு தன்னையே கேக்குது: நான் தேடுதது அவனையா, அன்னைக்கு இருந்த என்னையா? நீ அந்த எடம் வரும்போதெல்லாம் போனை எடுத்து அவ போட்டோவைப் பாக்க. கேள்வியத் தாண்டிக் குதிச்சுருத.

உனக்கு வேற மருந்து சொல்லுதேன். நீயே சொன்ன கன்ட்ரி பாட்டுக்காரரு கார்த் புரூக்ஸ், 1990-ல ஒரு பாட்டுப் போட்டாரே. பொண்டாட்டியக் கூட்டிக்கிட்டுச் சொந்த ஊருக்குப் பந்து விளையாட்டுப் பாக்கப் போனவன் முன்னால பழைய காதலி வந்து நிக்கா. அன்னைக்கு இவளைத்தான் குடுன்னு சாமிகிட்ட அழுதவன், சாமி காது குடுக்காததுக்கு இன்னைக்குக் கும்புடு போடுதான். உன் மனுவையும் முருகன் தள்ளுபடி பண்ணியிருக்கான். கையெழுத்து இப்போ புரியாது, பிறகு வாசிச்சுக்கோ.

இதெல்லாம் எனக்கு எப்படித் தெரியும்னு கேக்கியா? எனக்கும் ஒரு லக்கு ஊரு இருந்துச்சு. நாப்பது வருசம் கழிச்சு ஒரு கல்யாண வீட்டுப் பந்தியில அவளைப் பாத்தேன். வேட்டியச் சரி பண்ணிக்கிட்டுக் கிட்டக்கப் போனேன். நல்லா உத்துப் பாத்துட்டு, ‘ஒங்க அண்ணாச்சி சவுக்கியமா?’ன்னா. எனக்கு அண்ணாச்சியே கெடையாதுலே. சவுக்கியந்தான்னு சொல்லிட்டுப் பாயாசத்துக்கு ஒக்காந்துட்டேன்.

அதனால ஜாடிய மூடி வை. ஈரக்கைய விட்டுக் கிண்டாத, பூசணம் பிடிச்சுரும். உனக்கும் 30 வயசு வரட்டும், அப்போ தொறந்து பாரு. நல்லா ஊறியிருந்தா பழைய சோத்துக்கு ஆகும்.

இப்போ அந்தப் பாட்டை இன்னொருதரம் போடு. எனக்குத்தான். சத்தத்தைக் கொறச்சு வைலே, பாட்டி வாரா. அவளுக்கு இங்கிலீசு தெரியாது. என் மூஞ்சி தெரியும்.