டிஎல்எல் கோப்புகளின் பொதுவாழ்வு: ஓர் ஆய்வு

ஆய்வு நோக்கம்

ஒரு மென்பொருளின் மேல் இரண்டு தட்டு தட்டுகிறோம். மென்பொருளுக்குப் பதிலாகச் சின்னப் பெட்டி ஒன்று வந்து நிற்கிறது. 'எம்எஸ்விசிபி140.டிஎல்எல்' என்பது கணினியில் இல்லை, மென்பொருளை மறுபடி நிறுவிப் பாருங்கள் என்கிறது. கீழே 'ஓகே' என்று ஒரே ஒரு பொத்தான். ஓகே இல்லை என்று சொல்லும் உரிமை பயனருக்கு வழங்கப்படவில்லை. எனவே எல்லோரும் ஓகே சொல்லிவிட்டு, காணாமல் போனவர் யார், அவருக்கு என்ன உத்தியோகம் என்று விசாரிக்காமலே எழுந்து போய்விடுகிறோம். அந்த விசாரணையை நடத்துவதே இவ்வாய்வின் நோக்கம்.

ஆய்வு எல்லை விண்டோஸ் மட்டுமே. லினக்ஸில் இவ்வினம் '.எஸ்ஓ' என்றும் மேக்கில் '.டைலிப்' என்றும் வழங்கும். அவற்றை ஆராயப் புகுவோருக்கு இவ்வாய்வாளரின் முன்கூட்டிய அனுதாபங்கள்.

வரையறை

கோப்பைத் திறப்பது, எழுத்தைத் திரையில் வரைவது போன்ற வேலைகளை ஒவ்வொரு மென்பொருளும் தனித்தனியே எழுதிக்கொள்ளாமல், ஒரே இடத்தில் எழுதி வைத்து எல்லாரும் எடுத்துப் புழங்குவதற்கான கோப்பே டிஎல்எல். ஊர்ப் பொது அண்டா போன்றது என்க. எல்லா வீட்டுக் கல்யாணத்துக்கும் வரும். ஈயம் பூச மட்டும் எந்த வீடும் முன்வராது.

டிஎல்எல் தானாக ஓடாது. அதன் மேல் தட்டினால், இதை எதைக் கொண்டு திறப்பது என்று கணினி நம்மையே திருப்பிக் கேட்கும். '.எக்ஸ்இ' கோப்பு கூப்பிட்டால்தான் எழுந்து வரும். இத்தனைக்கும் இரண்டும் ஒரே அச்சில் வார்த்தவை. இரண்டில் எதை நோட்பேடில் திறந்தாலும் முதல் இரண்டு எழுத்துகள் 'எம்', 'இசட்' என்றே இருக்கும். டாஸ் காலத்தில் அந்தக் கோப்பு வடிவத்தை வகுத்த மார்க் ஸ்பிகோவ்ஸ்கியின் தலைப்பெழுத்துகள் அவை. ஐயமுற்றோர் திறந்து காண்க. கண்டபின் சேமிக்காமல் மூடுக.

வரலாறும் கருதுகோளும்

1985இல் வந்த முதல் விண்டோஸுக்கு 256 கிலோபைட் நினைவகம் போதும் என்றார்கள். இன்று குடும்பக் குழுவில் வரும் ஒரு காலை வணக்கப் படமே அதில் அடங்காமல் போகலாம். அந்த நெருக்கடியில் பிறந்த சிக்கனமே டிஎல்எல். டிஎல்எல்லின் ஆணைகள் நினைவகத்தில் ஒரு முறை ஏறினால் போதும், பத்து மென்பொருள்கள் அதையே பயன்படுத்தும். வட்டிலும் இடம் மிச்சம். பிழை இருந்தால் ஒரு கோப்பைத் திருத்த, எல்லாருக்கும் திருந்திவிடும்.

இதிலிருந்து நம் கருதுகோள் பெறப்படும்: ஒன்றைத் திருத்த எல்லாருக்கும் திருந்துமெனில், ஒன்றைக் கெடுக்க எல்லாருக்கும் கெடும். விண்டோஸ் 95, 98 காலத்தில் இது வீடுதோறும் நிரூபிக்கப்பட்டது. புதிதாக நிறுவிய விளையாட்டு, தன்னோடு பழைய டிஎல்எல் ஒன்றைக் கொண்டுவந்து, சிஸ்டம் கோப்புறையில் இருந்த புதியதன் தலைமேல் எழுதிவிடும். விளையாட்டு ஜோராக ஓடும். மறுநாள் கணக்கு மென்பொருள் படுத்துக்கொள்ளும். பழி, விளையாட்டை நிறுவியவர் மேல் விழாமல், கடைசியாகக் கணினியைத் தொட்டவர் மேல் விழும். இந்நிலைக்கு 'டிஎல்எல் நரகம்' என்று நிரலர்களே பெயர் சூட்டினர். மிகையென்று எவரும் மறுக்கவில்லை.

பரிகாரங்களும் நடந்தன. விண்டோஸ் 2000, முக்கியக் கோப்பை யாராவது மாற்றினால் சத்தமில்லாமல் பழையபடி வைத்துவிடும் காவலைக் கொண்டுவந்தது. 2001இல் எக்ஸ்பி, ஒரே டிஎல்எல்லின் பல பதிப்புகளை அருகருகே குடிவைக்க வழி செய்தது.

நீக்கல் பெட்டி: ஒரு பாட ஆய்வு

பகிர்ந்த கோப்பை எத்தனை மென்பொருள்கள் பயன்படுத்துகின்றன என்று ரெஜிஸ்ட்ரியில் ஒரு எண்ணிக்கை உண்டு. நிறுவும்போது ஒன்று கூடும், நீக்கும்போது ஒன்று குறையும், பூச்சியமானால், கோப்பை நீக்கிவிடலாமா என்று கேட்டுப் பெட்டி ஒன்று எழும். அதன் சாரம் மூன்று வாக்கியங்கள். இக்கோப்பை எந்த மென்பொருளும் பயன்படுத்தவில்லை. பயன்படுத்தும் மென்பொருள் ஏதேனும் இருந்தால், நீக்கியபின் அது இயங்காமல் போகலாம். விட்டுவைத்தால் பாதகமில்லை. முதல் வாக்கியத்தை இரண்டாவது நம்பவில்லை என்பதைக் கவனிக்க. காரணம் உண்டு: கணக்கில் பதியாமல் கோப்பை நைசாகப் போட்டுவிட்டுப் போகும் நிறுவிகளும் இருந்தன. கணினிக்கே தெரியாத ஒன்றை, கணினி தெரியாதவரிடம் கேட்டு முடிவெடுக்கும் முறை இது.

தமிழ்ச் சான்று

'யுஎஸ்பி10.டிஎல்எல்' என்பதற்கும் சொருகும் யுஎஸ்பிக்கும் தொடர்பில்லை. யூனிகோடில் 'கொ' என்பது முதலில் 'க', பிறகு ஒகரக் குறி என்றே சேமிக்கப்படுகிறது. திரையில் கொம்பை இடப்புறமும் காலை வலப்புறமும் பிரித்து நிறுத்துவது இந்த டிஎல்எல்லின் பணியாக இருந்தது. எக்ஸ்பியில் இதற்கான ஏற்பாட்டைக் கன்ட்ரோல் பேனலில் தேடிப் பிடித்து, குறுவட்டைப் போட்டு இயக்க வேண்டியிருந்தது. செய்யாத கணினிகளில் தமிழ் வெறுங்கட்டங்களாகவோ, கொம்பு இடம் மாறியோ வந்தது. பலர் எழுத்துருவைத் திட்டினர். சிலர் தமிழையே திட்டினர். டிஎல்எல்லைத் திட்ட யாருக்கும் தோன்றவில்லை.

சிஸ்டம்32 முரண்

64 பிட் விண்டோஸில் 64 பிட் டிஎல்எல்கள் 'சிஸ்டம்32' கோப்புறையிலும், 32 பிட் டிஎல்எல்கள் 'சிஸ்வாவ்64' கோப்புறையிலும் வசிக்கின்றன. அச்சுப்பிழையன்று. 'சிஸ்டம்32' என்ற முகவரியை எண்ணற்ற மென்பொருள்கள் தம் உள்ளே எழுதி வைத்துவிட்டன. பெயரை மாற்றினால் அவை தடம்புரளும். ஆகவே பலகை அப்படியே நிற்க, உள்ளே குடியிருப்பவர் மாறினார்.

முடிபு

இன்று பல மென்பொருள்கள் தமக்கு வேண்டிய டிஎல்எல்லைத் தம் கோப்புறையிலேயே வைத்துக்கொள்கின்றன. விண்டோஸும் பெரும்பாலும் அங்கேதான் முதலில் தேடும். சண்டை ஓய்ந்தது. ஓயவைத்தது ஒழுக்கமன்று, வட்டின் விலைச் சரிவு. விலையும் கொடுக்கிறோம்: ஒரு பாதுகாப்புப் பிழையைத் திருத்த, தனித்தனிப் பிரதி வைத்திருக்கும் ஒவ்வொரு மென்பொருளும் தனித்தனியே புதுப்பிக்கப்பட வேண்டும். பகிர்ந்த காலத்தில் எல்லாருக்கும் சேர்ந்து கெட்டது. பகிராத காலத்தில் சிலருக்குத் திருந்தாமலே போகிறது.

பரிந்துரைகள்

ஒன்று: நீக்கல் பெட்டி கேட்டால் 'இல்லை' என்க. இரண்டு: இடம் போதவில்லை என்று சிஸ்டம்32இல் துடைப்பத்தோடு இறங்கற்க. மூன்று: காணாமல் போன டிஎல்எல்லைத் தனிக் கோப்பாக இலவசமாகத் தரும் தளங்களை அண்டற்க, உள்ளே வருவது யார் என்று உறுதியில்லை. மேற்சொன்ன எம்எஸ்விசிபி140, மைக்ரோசாஃப்ட் தளத்தில் இலவசமாகக் கிடைக்கும் 'விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள்' தொகுப்பில் இருக்கிறது. 32 பிட் மென்பொருளுக்கு, கணினி 64 பிட்டாக இருந்தாலும், 32 பிட் தொகுப்பையே நிறுவ வேண்டும்.